போன வருஷ பேனர்: கிராக் மென்பொருளால் ஒரு தோட்டப் பட்டண அச்சுக்கடைக்கு நேர்ந்தது

தென் கெடாவில், சுங்கைப் பட்டாணியிலிருந்து உள்ளே போகும் சாலையில், ரப்பர் போய்ச் செம்பனை வந்துவிட்ட தோட்டங்களுக்கு நடுவே ஒரு பட்டணம். அங்கே ஒரு பேனர் கடை. பட்டணத்தின் பெயரும் கடையின் பெயரும் இங்கே வராது. இந்த அளவுக் கடைகளில் திரும்பத் திரும்ப நடப்பதை ஒரே கடையில் வைத்துச் சொல்கிறோம். தொழில்நுட்ப விவரங்களில் மட்டும் கற்பனை இல்லை.

தைப்பூசத் தண்ணீர்ப் பந்தல், ஆடி மாதத் தீமிதி, பூப்புனித நீராட்டு விழா, கல்யாணப் பத்திரிகை, கருமக்கிரியை அட்டை, தமிழ்ப்பள்ளி விளையாட்டுப் போட்டிச் சட்டை என்று கடைக்கு வரும் வேலையில் பெரும்பகுதி பழைய வேலை. "அண்ணே, போன வருஷ பேனர்தான். தேதியையும் உபயக்காரர் பேரையும் மட்டும் மாத்திக் குடுங்க." புதிதாக வடிவமைத்தால் 2 மணி நேரம் பிடிக்கும், பழைய கோப்பு இருந்தால் 10 நிமிடம். கடைக்கு லாபம் வருவது இந்த இடைவெளியில்தான். அப்படிப் பார்த்தால் கடையின் மூலதனம் என்பது 5 அடி அச்சு இயந்திரம் அல்ல, 11 வருடக் கோப்புகள் கிடக்கும் டி டிரைவ். ஆனால் இரவில் துணி போர்த்தி மூடியது இயந்திரத்தைத்தான்.

கடையில் 3 கணினிகள். முதலாவது வடிவமைப்புக்கு: கோரல்டிரா எக்ஸ்7, போட்டோஷாப், இரண்டும் கிராக், அதாவது உரிமப் பூட்டை உடைத்த பிரதி. இரண்டாவது முன் மேசையில் இருப்பது. தமிழ் தட்டச்சு, வாட்ஸ்அப் வெப், கடையின் முகநூல் பக்கம், வங்கிக் கணக்கு எல்லாம் அதில். அதிலும் ஏனோ கோரலும் போட்டோஷாப்பும் போட்டிருந்தார்கள். மூன்றாவது அச்சு இயந்திரத்தோடு சேர்ந்த ரிப் கணினி (ரிப் என்பது படத்தை அச்சுப் புள்ளிகளாக மாற்றித் தரும் மென்பொருள்), விண்டோஸ் 7. மூன்றிலும் விண்டோஸ், வாங்கிய கடையிலேயே ஆக்டிவேட்டர் என்ற கள்ளச் சாவி நிரல் வைத்துத் திறந்தது. வடிவமைப்புக் கணினியின் டி டிரைவ் மற்ற இரண்டிலும் இசட் டிரைவாகத் தெரியும். காப்புக்கென்று ஒரு 2 டெராபைட் ஹார்ட் டிஸ்க் அதே கணினியில் எப்போதும் செருகியபடி இருந்தது.

அன்று நடந்தது

தைப்பூச நெருக்கடி நேரம். ஒரு தமிழ்ப்பள்ளி தன் சட்டைச் சின்னத்தைக் கோரல் கோப்பாக அனுப்பியது. அது புதிய பதிப்பில் சேமித்தது. 2014இல் வந்த எக்ஸ்7 அதைத் திறக்காது. புதிய பதிப்பின் கோப்பைப் பழைய கோரல் படிப்பதில்லை. கோரலில் சேமிக்கும் பெட்டியிலேயே பதிப்பு எண்ணைத் தேர்ந்தெடுக்கும் இடம் உண்டு. "பதிப்பு 17இல் சேமித்து அனுப்புங்கள், இல்லையென்றால் பிடிஎஃப் போதும்" என்று ஒரு வாட்ஸ்அப் அனுப்பியிருந்தால் வேலை முடிந்திருக்கும். வடிவமைப்பாளர் இளைஞர். புதிய பதிப்பையே இறக்கிவிடலாம் என்று தேடினார்.

இறங்கியது ஒரு சிப் (zip) கோப்பு, பலவற்றை ஒன்றாகக் கட்டிய பொட்டலம். அதைத் திறக்கக் கடவுச்சொல் 1234 என்று பக்கத்திலேயே எழுதியிருந்தது. எல்லாருக்கும் தெரிந்த எண்ணை வைத்து ஏன் பூட்ட வேண்டும்? பூட்டிய சிப்புக்குள் உலாவியோ கோப்புத் தளமோ எட்டிப் பார்த்து வைரஸ் தேட முடியாது. அந்தப் பூட்டு சோதிக்கும் நிரலைத் தடுக்கத்தான். உள்ளே இருந்த செட்டப் 700 எம்பிக்கு மேல். அதில் பெரும்பகுதி வெறும் பூஜ்ஜியம். பல வைரஸ் தடுப்புகள் மிகப் பெரிய கோப்பைத் தாண்டிப் போய்விடும். இணையத்தில் சோதித்துத் தரும் வைரஸ்டோட்டலும் 650 எம்பிக்கு மேல் வாங்குவதில்லை. பெரிய மென்பொருள் பெரிதாகத்தான் இருக்கும் என்று இறக்குபவர் நினைத்துக்கொள்வது கூடுதல் வசதி.

கூடவே ஒரு குறிப்பு, அதில் நான்கு கட்டளைகள். விண்டோஸின் சொந்த வைரஸ் தடுப்பான டிஃபெண்டரின் உடனடிப் பாதுகாப்பை நிறுத்து. இந்தக் கோப்புறையை விலக்குப் பட்டியலில் சேர். நிர்வாகியாக இயக்கு. ஹோஸ்ட்ஸ் கோப்பில் (தள முகவரிகளைக் கணினி முதலில் தேடும் பட்டியல்) இந்த வரிகளை ஒட்டு. "வைரஸ் என்று காட்டும், அது பொய் எச்சரிக்கை, பயப்படாதே" என்றும் எழுதியிருந்தது.

இந்த ஆய்வில் முக்கியமான இடம் இதுதான். நேர்மையாக வேலை செய்யும் கிராக்குக்கும் இந்த நான்கும் தேவை. உரிமம் பார்க்கும் டிஎல்எல் கோப்பை மாற்ற நிர்வாகி அனுமதி வேண்டும். மாற்றிய கோப்பை டிஃபெண்டர் அழிக்காமலிருக்க விலக்கு வேண்டும். மென்பொருள் தன் நிறுவனத்தோடு பேசாமலிருக்க ஹோஸ்ட்ஸில் அடைப்பு வேண்டும். பணம் பறிக்கும் நிரலுக்கும் வேண்டியவை இவையேதான். எது எது என்று பயன்படுத்துபவர் பிரித்தறிய வழியில்லை. "10 வருஷமா கிராக்தான், ஒண்ணும் ஆகலியே" என்று பட்டணத்துக் கடைக்காரர்கள் சொல்வது உண்மையாகவே இருக்கலாம். அந்த 10 வருடமும் கதவு திறந்துதான் கிடந்தது; வேண்டாதவர் யாரும் அந்த வழியாக வரவில்லை, அவ்வளவுதான்.

செட்டப்பை இருமுறை சொடுக்கினார். ஒன்றும் திறக்கவில்லை. மறுபடி சொடுக்கினார். கொஞ்ச நேரத்தில் விண்டோஸ் அப்டேட் ஓடுவதாக ஒரு சாளரம் வந்தது. விசிறி இரைய ஆரம்பித்தது. முன் மேசையில் இருந்த பெண் இசட் டிரைவைப் பார்த்துவிட்டுக் கேட்டார்:

"தம்பி, என்ன இது, சின்னப் படமெல்லாம் வெள்ளையாப் போச்சு?"

"அப்டேட் ஓடுதுக்கா. முடிஞ்சா சரியாயிடும்."

அந்த அப்டேட் சாளரமே நிரலின் வேடம். ஸ்டாப் அல்லது டிஜேவியு என்று அழைக்கப்படும் குடும்பம் இது. கிராக், கீஜென் (போலி உரிம எண் தரும் நிரல்) வழியாகவே பெரும்பாலும் பரவுவது. கணினி மெதுவாகும்போது ஆள் சந்தேகப்படாமலிருக்கப் போலி அப்டேட்டைக் காட்டும்; விண்டோஸ் தானாக எடுத்துவைக்கும் நிழல் பிரதிகளை அழிக்கும்; பாதுகாப்புத் தளங்களைத் தேடிப் போக முடியாதபடி ஹோஸ்ட்ஸ் கோப்பை நிரப்பும்; 5 நிமிடத்துக்கு ஒருமுறை தன்னையே மறுபடி ஓடவைக்கும் வேலை ஒன்றை டாஸ்க் ஷெட்யூலரில் எழுதிவைக்கும். அதனால் நடுவில் கணினியை அணைத்துப் போட்டாலும் விட்ட இடத்திலிருந்து தொடரும்.

சாளரம் மறைந்தபோது டி டிரைவின் எல்லாக் கோப்புகளின் பெயருக்குப் பின்னாலும் நான்கு எழுத்து வால்; எதுவும் திறக்கவில்லை. செருகியிருந்த காப்பு டிஸ்க்கிலும் அதே வால். ஒவ்வொரு கோப்புறையிலும் ஒரு ரீட்மி: 980 அமெரிக்க டாலர், 72 மணி நேரத்துக்குள் தொடர்பு கொண்டால் 490. பாதி விலையே 2,000 ரிங்கிட்டைத் தொடும்.

எது திரும்பியது, எது திரும்பவில்லை

அந்த நேரத்தில் செய்ய வேண்டியது: நெட் கேபிளைப் பிடுங்கு, வைஃபையை அணை, செருகிய டிஸ்க்கை எடு, மின்சாரத்தை நிறுத்து. பூட்டுதல் ஓடிக்கொண்டிருக்கும்போது ஒழுங்காக அணைக்கும்வரை காத்திருப்பதே நஷ்டம். அடுத்து, ஃபார்மட் செய்யாதிருப்பது. பட்டணத்துக் கணினிக் கடைக்குத் தூக்கிப் போனால் முதலில் ஃபார்மட்தான் செய்வார்கள். டிஸ்க்கைக் கழற்றி, அப்படியே வைத்துக்கொண்டு, புதியதொன்றில் விண்டோஸ் போடுவதே சரி.

ஏனென்றால் இந்த நிரல் அவசரக்காரன். ஒவ்வொரு கோப்பிலும் முதல் 150 கேபியை மட்டும் பூட்டிவிட்டு அடுத்ததற்குப் போகும். ஆகவே அளவுதான் தலைவிதி. 80 கேபி வாட்ஸ்அப் படம் முழுக்கப் போயிற்று. 400 எம்பி பேனரின் டிஃப் படக்கோப்பில் போனது தலை மட்டும்; அழுத்தாமல் சேமித்த டிஃப்பாக இருந்து, அகலமும் உயரமும் வண்ண முறையும் தெரிந்தால், மேல்விளிம்பின் ஒரு பட்டை போக மீதிப் படத்தை எடுக்கலாம். கோரல் கோப்பு எக்ஸ்4 முதல் உள்ளுக்குள் ஒரு சிப் பொட்டலம். சிப்பின் பொருளடக்கம் கடைசியில் இருப்பதால், சிப் பழுதுபார்க்கும் கருவியில் கொடுத்தால் பின்பகுதியில் உள்ளவை வெளியே வரும். ஆனால் எழுத்தும் கோடும் இருக்கும் பகுதி பெரும்பாலும் சேதப்பட்டிருக்கும். சாமி படம் கிடைக்கும், உபயக்காரர் பட்டியல் கிடைக்காது.

பூட்டைத் திறக்கும் சாவிக்கு இரு வழி. நிரல் தன் சர்வரை அடைய முடிந்திருந்தால் அந்தக் கணினிக்கென்று தனிச் சாவி. முடியாமற் போயிருந்தால் எல்லாருக்கும் பொதுவான ஆஃப்லைன் சாவி. ரீட்மியில் உள்ள அடையாள எண் 't1' என்று முடிந்தால் ஆஃப்லைன். எம்சிசாஃப்ட் நிறுவனம் 2019 அக்டோபரில் வெளியிட்ட இலவசத் திறப்பான், பழைய வகைகளுக்கும் ஆஃப்லைன் சாவி கிடைத்த வகைகளுக்கும் வேலை செய்யும். இந்தக் கடையின் எண் t1 என்று முடியவில்லை. பூட்டிய டிஸ்க்கைத் தேதி எழுதி அலமாரியில் வைப்பதைத் தவிர வேறு வழியில்லை.

இந்த நிலையில் இன்னொரு குழி இருக்கிறது. "டிஜேவியு திறந்து தரப்படும்" என்ற விளம்பரங்கள். 2020இல் ஸ்டாப் திறப்பான் என்ற வேடத்தில் வந்த ஸோராப், ஏற்கெனவே பூட்டிய கோப்புகளை மறுபடி பூட்டியது. முதற்சாவி கிடைத்தாலும் பயனில்லாத நிலை. திறப்பானை அதை வெளியிட்ட நிறுவனத்தின் தளத்திலிருந்து அல்லாமல் வேறெங்கிருந்தும் இறக்கக் கூடாது.

உண்மையில் கடையைத் தூக்கிவிட்டது தொழில்நுட்பம் அல்ல, பழைய பழக்கம். வாடிக்கையாளருக்கு அனுப்பிய மாதிரிப் படங்கள் முதலாளியின் கைபேசி வாட்ஸ்அப்பில் இருந்தன. பத்திரிகைக்குப் பிளேட் (அச்சுத் தகடு) போட பினாங்குக்கு அனுப்பிய பிடிஎஃப்கள் மின்னஞ்சலின் 'அனுப்பியவை' பெட்டியில் இருந்தன. பிடிஎஃப்பை இங்க்ஸ்கேப் என்ற வரைகலை மென்பொருளில் திறந்தால் கோடுகள் கோடுகளாகவே கிடைக்கும். அடிக்கடி திரும்பும் வேலைகளை முதலில் மீட்டு, மற்றவற்றை வாடிக்கையாளர் வரும்போது பார்த்துக்கொண்டார்கள். தமிழ் எழுத்துதான் சிரமம் கொடுத்தது. பழைய கோப்புகள் எல்லாம் பாமினியில் தட்டியவை; ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் உருவை வைக்கும் பழைய எழுத்துரு அது. அவுட்லைன் ஆக்காமல் (எழுத்தைக் கோடாக மாற்றாமல்) பிடிஎஃப் எடுத்தவற்றில், அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திருத்தத் திறந்தால் முருகன் பெயரும் ஆங்கில எழுத்துக் குப்பையாக நிற்கும்.

சத்தமில்லாத களவு

பூட்டியது கண்ணுக்குத் தெரிந்தது. அதே செட்டப் இன்னொன்றையும் இறக்கியிருந்தது. டிஜேவியுவோடு வைடார், அஸோரல்ட் போன்ற தகவல் திருடிகள் சேர்ந்து வருவது வழக்கம். உலாவியில் சேமித்த கடவுச்சொற்கள், குக்கிகள் (உள்நுழைந்ததை உலாவி நினைவில் வைக்கும் சிறு கோப்புகள்), தானாக நிரப்பும் அட்டை விவரங்கள் ஆகியவற்றை அள்ளி அனுப்ப இவற்றுக்குச் சில நிமிடம் போதும். குக்கி போனால் கடவுச்சொல்லும் கைபேசிக்கு வரும் குறியீடும் கேட்கப்படாது. ஏற்கெனவே உள்ளே நுழைந்த ஆளாகவே திருடன் நுழைவான்.

வடிவமைப்புக் கணினியின் உலாவியிலும் முகநூல் திறந்தே இருந்தது. மூன்றாம் நாள் கடைப் பக்கத்தில் புது நிர்வாகி ஒருவர் சேர்ந்தார், முதலாளியின் பெயர் நீங்கியது, இணைத்திருந்த அட்டையில் யாருடைய விளம்பரமோ ஓடத் தொடங்கியது. பக்கத்துக்கு ஒரே ஒரு நிர்வாகி வைத்திருந்ததால் உள்ளே போய்த் தடுக்க ஆளில்லை.

கோப்பு போன துக்கத்தில் இதை எல்லாரும் மறந்துவிடுவார்கள். பாதிக்கப்படாத ஒரு கைபேசியிலிருந்து, இந்த வரிசையில் செய்ய வேண்டும்: முதலில் மின்னஞ்சல், ஏனென்றால் மற்றதற்கெல்லாம் மீட்பு வழி அதுதான். பிறகு வங்கி, முகநூல், கடைசியில் வாட்ஸ்அப்பின் இணைந்த சாதனங்கள். ஒவ்வொன்றிலும் கடவுச்சொல்லை மாற்றினால் மட்டும் போதாது, 'எல்லாச் சாதனங்களிலிருந்தும் வெளியேறு' என்பதையும் அழுத்த வேண்டும். பணம் நகர்ந்திருந்தால் வங்கிக்கும் 997க்கும் உடனே அழைக்க வேண்டும். தேசிய மோசடி எதிர்ப்பு மையத்தின் எண் அது. தாமதிக்கும் ஒவ்வொரு மணியும் பணத்தை அடுத்த கணக்குக்கு நகர்த்தும். கோப்புப் பூட்டுச் சம்பவத்தைச் சைபர்செக்யூரிட்டி மலேசியாவின் சைபர்999இல் பதியலாம்.

பள்ளி ஊழியர் அடையாள அட்டைக்காக வாங்கிய மைகார்டு (அரசு அடையாள அட்டை) நகல்களும் டி டிரைவில் கிடந்தன. 2024இல் திருத்திய தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டப்படி, 2025 ஜூன் 1 முதல் தரவுக் கசிவை ஆணையரிடம் அறிவிக்கும் கடமை வந்திருக்கிறது. அட்டை அச்சிட்டு முடிந்ததும் நகலை அழித்திருந்தால் இந்தத் தலைவலியே இல்லை.

ரிப் கணினி

ரிப் மென்பொருள் இயந்திரத்தோடு ஒரு டாங்கிளில், அதாவது யுஎஸ்பியில் செருகும் உரிமச் சாவியில், வந்தது. டாங்கிள் உடைந்தபோது, பழுதுபார்க்க வந்தவர் போலி டாங்கிள் நிரல் ஒன்றைப் போட்டுவிட்டுப் போனார். அந்த நிரலின் டிரைவருக்குக் கையொப்பம் கிடையாது. அதை ஓடவைக்க விண்டோஸைச் சோதனை நிலையில் வைக்க வேண்டும். திரையின் கீழ் வலது மூலையில் 'டெஸ்ட் மோட்' என்று நின்றால் அதுதான். விண்டோஸ் 7க்குப் பாதுகாப்புத் திருத்தம் 2020 ஜனவரி 14ஓடு நின்றுபோனது. இப்படி ஒரு கணினி அதே நெட்டில், இணையத்தோடு.

இதற்கு அன்றாட விலையும் உண்டு. கிராக் பொட்டலத்தோடு வந்த வண்ண ப்ரொஃபைல் வேறு மைக்கும் மை தெளிக்கும் வேறு ஹெட்டுக்கும் எடுத்தது. குங்குமச் சிவப்பு செங்கல் நிறமாக விழுந்தது. அதைச் சரிக்கட்ட மெஜந்தாவையும் மஞ்சளையும் ஏற்றிக்கொண்டே போனார்கள். மை ஒன்றுக்கு 100 என்ற கணக்கில் நான்கு மையும் சேர்ந்து 300 விழுக்காட்டைத் தாண்டினால் ஃபிளெக்ஸ் மேல் மை காயாமல் நிற்கும். சுருட்டி வைத்த பேனர் மறுநாள் விரிக்கும்போது ஒட்டி உரியும். மை அளவை ஒவ்வொரு துணிக்கும் பட்டை அச்சிட்டு அளந்து கட்டுப்படுத்த வேண்டும், முதலாளியோ இயந்திரத்தையே குறை சொல்லிக்கொண்டிருந்தார்.

சட்டம்

1987 பதிப்புரிமைச் சட்டத்தின் 41ஆம் பிரிவு தெளிவாக இருக்கிறது. சொந்த, வீட்டுப் பயனுக்கு அல்லாமல் சட்டவிரோதப் பிரதியைக் கைவசம் வைத்திருப்பதே குற்றம். விற்றால்தான் குற்றம் என்பதில்லை. அபராதம் பிரதி ஒன்றுக்கு 2,000 முதல் 20,000 ரிங்கிட் வரை, அல்லது 5 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும். இந்தக் கடையில் கோரல் 2, போட்டோஷாப் 2, ரிப் 1, விண்டோஸ் 3. ஆக 8 பிரதி. குறைந்த கணக்கே 16,000 ரிங்கிட். அமலாக்கம் உள்நாட்டு வாணிப, வாழ்க்கைச் செலவின அமைச்சின் கையில். மென்பொருள் நிறுவனங்களின் கூட்டமைப்பான பிஎஸ்ஏ 2018இல் வெளியிட்ட ஆய்வில், 2017க்கான மலேசிய விகிதம் 51 விழுக்காடு, அதாவது நிறுவிய மென்பொருளில் பாதிக்கு மேல் உரிமமற்றது. எல்லாரும் வைத்திருக்கிறார்கள் என்ற பேச்சு அதனால் பொய்யில்லை. சோதனை வந்தால் அது உதவாது, அவ்வளவே. பூட்டுப்பட்ட கடைகள் புகார் கொடுக்கத் தயங்குவதற்கும் காரணம் இதுதான்.

மறுபடி கட்டியது

உரிமம் வாங்கும் முன் வேலையை எண்ணினார்கள். கோரல் உண்மையில் தேவைப்பட்டது ஒரு கணினிக்கு. ஒரு உரிமம் வாங்கினார்கள். முன் மேசையில் தட்டச்சும் மாதிரி காட்டலும்தான்; அதற்கு இங்க்ஸ்கேப் இலவசம், யூனிகோட் தமிழும் சரியாக அமையும். ஆனால் வண்ணம் திரைக்கான ஆர்ஜிபிதான். பேனருக்கு ரிப் மாற்றிக்கொள்ளும். பிளேட் போடும் பத்திரிகைக்கு நான்கு மைக்கான சிஎம்ஒய்கே வேண்டும், அதற்கு ஸ்கிரைபஸ் என்ற இலவச மென்பொருள். போட்டோஷாப்பில் கடை செய்தது பின்னணி வெட்டுவதும் முகத்தை வெளிச்சமாக்குவதும்தான், அதை இலவசமான கிம்ப் செய்யும். 2025 அக்டோபர் 30இல் அஃபினிட்டி என்ற வடிவமைப்பு மென்பொருளும் இலவசமாகிவிட்டது. ஆனால் அஃபினிட்டி 2 வரை தமிழ் எழுத்து உடைந்துதான் வரும்; எந்த மென்பொருளானாலும் நம்பும் முன் 'கொ, கௌ, ஸ்ரீ' மூன்றையும் தட்டிப் பார்ப்பது 1 நிமிட வேலை.

மூன்று கணினியிலும் அன்றாட வேலை இனி சாதாரணப் பயனர் கணக்கில். நிர்வாகிக் கடவுச்சொல் முதலாளியிடம். டிஃபெண்டரின் விலக்குப் பட்டியலும் ஹோஸ்ட்ஸ் கோப்பும் காலி. வடிவமைப்புக் கணினியில் 'கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்' (அனுமதியில்லாத நிரல் கோப்புறையில் எழுதாதபடி தடுப்பது) போட்டார்கள்; போட்ட அன்று கோரலே சேமிக்க முடியாமல் முரண்டு பிடித்தது, அனுமதிப் பட்டியலில் சேர்த்ததும் அடங்கியது. இதைச் சொல்லாமல் போட்டால் அடுத்த நாளே யாராவது அணைத்துவிடுவார்கள்.

காப்புக்கு இரண்டு டிஸ்க். திங்கள் ஒன்று, வியாழன் ஒன்று. நகல் முடிந்ததும் பிடுங்க வேண்டும். ஒன்று எப்போதும் முதலாளி வீட்டில். கூகள் டிரைவிலும் போடுகிறார்கள், ஆனால் அதைக் காப்பாக எண்ணுவதில்லை. இங்கே பூட்டியது அங்கேயும் போய் உட்காரும், பழைய பதிப்பு சில வாரம்தான் இருக்கும். முடிந்த ஒவ்வொரு வேலைக்கும் மூன்று கோப்பு: திருத்தக்கூடியது, அவுட்லைன் ஆக்கியது, பிடிஎஃப்.

ரிப்புக்கு இயந்திரம் விற்றவரிடமே புது டாங்கிள். அந்தக் கணினி இணையத்திலிருந்து விலக்கப்பட்டு, வடிவமைப்புக் கணினியின் ஒரே ஒரு கோப்புறையை மட்டும் பார்க்கிறது. டாங்கிளின் எண்ணை ரசீதில் எழுதி வாங்கியிருக்கிறார்கள். ஹெட் கழுவ வரும் தொழில்நுட்பர்கள் இப்போதும் சட்டைப்பையிலிருந்து பென்டிரைவை எடுத்து, "புதுசு வந்திருக்கு அண்ணே, ஃபுல் வெர்ஷன், போட்டு விடவா?" என்கிறார்கள். அதனால் ரிப் கணினியின் யுஎஸ்பி துளைகளில் டாங்கிளும் இயந்திரமும் செருகியவை தவிர மற்றவற்றை, கணினி தொடங்கும்போது ஓடும் அடிப்படை அமைப்பான பயோஸிலேயே அடைத்து, பயோஸுக்கும் கடவுச்சொல் போட்டாகிவிட்டது.